நூறு கஜத்தில் கரடி

பெங்களூரில் குழந்தைக்குக் காய்ச்சல் "நூற்றி ஒண்ணு" என்றால் அது பாரன்ஹீட். அதே வீட்டில் "இன்னைக்கு வெயில் முப்பத்தி நாலு" என்றால் அது செல்சியஸ். வீட்டு மனை முப்பதுக்கு நாற்பது, அடிக்கணக்கு. ஊருக்கு வெளியே நிலம் வாங்கினால் குண்டேக் கணக்கு, நாற்பது குண்டே ஒரு ஏக்கர். ஆளின் உயரம் அடியிலும் எடை கிலோவிலும் பெட்ரோல் லிட்டரிலும் டிவி அங்குலத்திலும் ஓடுகின்றன. யாரும் குழம்புவதில்லை. காய்ச்சலை யாரும் செல்சியஸில் கேட்பதில்லை, மனையை யாரும் மீட்டரில் விற்பதில்லை. ஒவ்வொரு எண்ணும் தன் அலகோடு பழகிப் போயிருக்கிறது.

ஊரை விட்டு மலைக்குப் போகும்போதுதான் இந்தப் பழக்கம் கைவிடுகிறது. வெள்ளிக்கிழமை இரவு மெஜஸ்டிக் பஸ் நிலையத்தில் பஸ் ஏறுகிற மலையேற்றக்காரர்களின் சாமான்களைப் பாருங்கள். முதுகுப்பை 50 லிட்டர். ஸ்லீப்பிங் பேக்கின் வெப்பநிலை பாரன்ஹீட்டில். கைக்கடிகாரம் காட்டும் உயரம் மீட்டரில். நண்பர் கொடுத்த பழைய வரைபடம் அடியிலும் மைலிலும். கரடி வந்தால் என்ன செய்வது என்று படித்துவிட்டு வந்த அமெரிக்கக் கையேடு கஜத்தில். போகிற இடத்தில் கரடி இருப்பதும் நிஜம். பெங்களூரிலிருந்து மைசூர் ரோட்டில் சுமார் 50 கிலோமீட்டரில் இருக்கும் ராமநகரப் பாறைக் குன்றுகளிலும், மாகடிப் பக்கத்துச் சாவனதுர்க்காவிலும் தேன்கரடிகள் வாழ்கின்றன.

அலகு மாற்றம் என்பது பெருக்கல் வகுத்தல்தானே, போனில் தட்டினால் வந்துவிடுமே என்று தோன்றும். பெருக்கல் சுலபம்தான். கஷ்டமானவை இரண்டு கேள்விகள். மாற்றப்போகிற எண்ணில் எவ்வளவு துல்லியம் இருக்கிறது? மாற்றியபின் அதை எந்தப் பக்கம் முழு எண்ணாக்குவது? போன் இவை இரண்டுக்கும் பதில் சொல்லாது.

சங்கிலி பிடித்த ஊர்

துல்லியத்தைப் பற்றிப் பேச பெங்களூரை விடப் பொருத்தமான ஊர் குறைவு. 1799இல் திப்பு சுல்தான் வீழ்ந்தபின் மைசூர் நாட்டை அளக்கும் வேலை தொடங்கியது. 1800ஆம் ஆண்டின் கடைசியில் நில அளவையாளர் வில்லியம் லாம்டன் பெங்களூருக்கு அருகே ஏழு மைலுக்கு மேல் நீளமான ஒரு ஆதாரக் கோட்டை அளந்தார். பிறகு 1802 ஏப்ரலில் சென்னை பரங்கிமலைக்கு அருகே அளந்த கோட்டிலிருந்துதான் இந்தியாவின் மாபெரும் முக்கோண அளவை முறைப்படி தொடங்குகிறது. ஒரு கோட்டின் நீளத்தை மட்டும் தரையில் அளந்துகொண்டு, மற்ற தூரங்களைக் கோணங்களிலிருந்தே கணக்கிடும் முறை அது. அந்த முதல் கோடு பிசகினால் அதன்மேல் கட்டிய எல்லா முக்கோணங்களும் பிசகும்.

கையில் இருந்தது 100 அடி நீள எஃகுச் சங்கிலி. எஃகு வெயிலில் நீளும். பத்து டிகிரி செல்சியஸ் சூடு ஏறினால் 100 அடிச் சங்கிலி ஏறக்குறைய மூன்றரை மில்லிமீட்டர் நீளும். ஏழு மைலை அளக்க அந்தச் சங்கிலியை சுமார் 370 முறை போட வேண்டும். 370ஐ மூன்றரையால் பெருக்கினால் 1.3 மீட்டர். அதாவது விடியற்காலையில் அளந்தவருக்கும் நடுப்பகலில் அளந்தவருக்கும் ஒரே கோட்டில் ஒரு மீட்டருக்கு மேல் வித்தியாசம் வரும். அதனால் சங்கிலியை மரப்பெட்டிகளில் நிழலில் கிடத்தி, கூடவே வெப்பமானிகளை வைத்து, ஒவ்வொரு முறையும் சூட்டைக் குறித்துக்கொண்டு நீளத்தைத் திருத்தினார்கள்.

பலன் 1804இல் தெரிந்தது. சென்னையிலிருந்து முக்கோணம் முக்கோணமாகக் கணக்கிட்டுக்கொண்டே பெங்களூர் வந்தவர்கள், அங்கே புதிதாக ஒரு கோட்டைத் தரையில் அளந்து பார்த்தார்கள். ஏழு மைல் அளவிலான அந்தக் கோட்டில் கணக்குக்கும் சங்கிலிக்கும் இடையே வந்த வேறுபாடு நான்கு அங்குலத்தை எட்டவில்லை.

இப்படி அளந்த தூரத்தை இன்று மீட்டருக்கு மாற்றும்போது, எந்த அடி என்று கேட்டே ஆக வேண்டும். இன்றைய சர்வதேச அடி சரியாக 0.3048 மீட்டர், 1959இல் உறுதியானது. இந்திய நில அளவையின் அடி 0.3047995 மீட்டர். இரண்டுக்கும் உள்ள வேறுபாடு ஆயிரம் கிலோமீட்டருக்கு 1.6 மீட்டர். தேச எல்லை வரைகிறவர் இதை விட முடியாது. சாவனதுர்க்கா ஏறுகிறவர் இதைப் பற்றி நினைக்கவே தேவையில்லை. எத்தனை இலக்கம் வேண்டும் என்பதைச் செய்யப்போகும் வேலை முடிவு செய்கிறது.

இரண்டு வரைபடம், ஒரு குன்று

1956இல் எடை அளவைச் சட்டம் வந்து, 1958 அக்டோபர் முதல் நாடு படிப்படியாக மெட்ரிக் முறைக்கு மாறியது. சேர், மணங்கு, தோலா எல்லாம் கடைகளை விட்டுப் போயின. ஆனால் அச்சிட்ட வரைபடங்கள் அவ்வளவு சீக்கிரம் சாவதில்லை. பெங்களூர் வட்டாரத்துக்கான, 57 என்ற எண்ணில் தொடங்கும் நில அளவைத் தாள்களில் பழையவையும் புதியவையும் இன்னும் கைமாறிக்கொண்டிருக்கின்றன.

பழைய தாளின் அளவு 1:63,360. விசித்திரமான எண்ணாகத் தோன்றும். ஒரு மைலில் 5,280 அடி, ஓர் அடியில் 12 அங்குலம், பெருக்கினால் 63,360. தாளில் ஓர் அங்குலம் தரையில் ஒரு மைல். புதிய தாள் 1:50,000. இரண்டு சென்டிமீட்டர் ஒரு கிலோமீட்டர். இரண்டிலும் சம உயரக் கோடுகள் உண்டு. பழையதில் பொதுவாகக் கோட்டுக்குக் கோடு 50 அடி, புதியதில் 20 மீட்டர். இருபது மீட்டர் என்பது 65 அடிக்கும் சற்று மேல்.

ஒரு குன்றின் சரிவில் பத்துக் கோடுகளை எண்ணுகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். பழைய தாளில் அது 500 அடி, அதாவது 150 மீட்டர் ஏற்றம். புதிய தாளில் 200 மீட்டர். ஒரு தாளில் பழகிய கண் இன்னொரு தாளில் கோடுகளை எண்ணினால் ஏற்றத்தில் நாலில் ஒரு பங்கு காணாமல் போகும். வரைபடத்தை விரித்ததும் முதலில் படிக்க வேண்டியது ஓரத்தில் இருக்கும் அளவும் கோட்டு இடைவெளியும்தான்.

தலைக்குள் போடும் கணக்கு

மழையில் போன் அணைந்துவிட்டால் கைகொடுக்கும் சில சுருக்கு வழிகள் உண்டு. அவற்றில் பாதி ஒரே சூத்திரம். கிலோவைப் பவுண்டாக்க, இரட்டித்து அதில் பத்தில் ஒன்றைக் கூட்டுங்கள்: 15 கிலோ, 30, அதோடு 3, ஆக 33 பவுண்டு. பவுண்டைக் கிலோவாக்க, பாதியாக்கி அதில் பத்தில் ஒன்றைக் கழியுங்கள்: 40 பவுண்டுப் பை, 20, கழித்தால் 18 கிலோ. செல்சியஸைப் பாரன்ஹீட்டாக்க, இரட்டித்து, பத்தில் ஒன்றைக் கழித்து, 32ஐக் கூட்டுங்கள்: 30 டிகிரி, 60, 54, ஆக 86. கடைசி வழியில் சிறு பிசகுகூடக் கிடையாது. இரண்டில் பத்தில் ஒன்று கழித்தால் 1.8, அதுதான் உண்மையான விகிதம்.

அடியை மீட்டராக்கப் பத்தால் வகுத்து மூன்றால் பெருக்கலாம். கர்நாடகத்தின் மிக உயர்ந்த சிகரமான முள்ளையனகிரி ஏறக்குறைய 6,330 அடி. இந்த வழியில் 1,899 மீட்டர் வரும், உண்மையில் 1,930. மலையடிவாரத்தில் நின்று யோசிக்க இது போதும். மைலைக் கிலோமீட்டராக்க பிபனாச்சி எண்வரிசையே உதவும்: 3, 5, 8, 13, 21. மூன்று மைல் ஏறக்குறைய ஐந்து கிலோமீட்டர், ஐந்து மைல் எட்டு, எட்டு மைல் பதின்மூன்று. அடுத்தடுத்த எண்களின் விகிதம் 1.618ஐ நெருங்குகிறது, ஒரு மைல் 1.609 கிலோமீட்டர். முழுக்கத் தற்செயல், ஆனால் பயனுள்ள தற்செயல்.

இதே கணக்குகளில் இரண்டு குழிகளும் உண்டு. முதலாவது, வெப்பநிலையும் வெப்பநிலை வேறுபாடும் வேறு வேறு. உயரம் ஏற ஏறக் குளிரும். ஆயிரம் அடிக்கு மூன்றரை பாரன்ஹீட் டிகிரி என்பது கையேட்டுக் கணக்கு. இந்த மூன்றரையை போனில் தட்டினால் மைனஸ் 15.8 செல்சியஸ் என்று பதில் வரும். ஆயிரம் அடிக்கு 16 டிகிரி குளிர்ந்தால் முள்ளையனகிரியில் பனிப்பாறைதான் இருக்கும். வேறுபாட்டை மாற்றும்போது 32க்கு வேலை இல்லை, 1.8ஆல் வகுத்தால் போதும். விடை சுமார் இரண்டு டிகிரி செல்சியஸ், கிலோமீட்டருக்கு ஆறரை. பெங்களூர் ஏறக்குறைய 920 மீட்டரில் இருக்கிறது. அங்கிருந்து முள்ளையனகிரி உச்சி ஆயிரம் மீட்டர் மேலே. ஆறேழு டிகிரி குறைவாக எதிர்பார்க்கலாம்.

இரண்டாவது, அலகு எழுதாத எண். "15" என்று மட்டும் சொல்லி ஒரு ஸ்லீப்பிங் பேக் இரவல் கிடைக்கிறது. அது பாரன்ஹீட் என்றால் மைனஸ் 9 செல்சியஸ் வரை தாங்கும். இமயமலைக்கே எடுத்துப் போகலாம். செல்சியஸ் என்றால் பெங்களூர் மொட்டை மாடிக்குத்தான் ஆகும். ஒன்றை மற்றொன்றாக நினைத்து உத்தராகண்டுக்குப் போகிறவர் இரவெல்லாம் நடுங்குவார்.

அலகில்லாத எண் என்ன செய்யும் என்பதற்குப் பெரிய சாட்சி ஒரு விமானம். 1983 ஜூலை 23 அன்று ஏர் கனடாவின் போயிங் 767 நடுவானில் எரிபொருள் தீர்ந்து, கனடாவின் கிம்லியில் இயந்திரம் இல்லாமல் மிதந்து வந்து இறங்கியது. பயணத்துக்கு 22,300 கிலோ எரிபொருள் தேவை. லிட்டரைக் கிலோவாக்க 0.8 என்று பெருக்கியிருக்க வேண்டும். தாளில் இருந்ததோ 1.77, அது லிட்டருக்கு இத்தனை பவுண்டு என்ற கணக்கு. எண்ணுக்குப் பக்கத்தில் அலகு இல்லாததால் யாருக்கும் உறைக்கவில்லை. தேவையானதில் பாதிக்கும் குறைவாக நிரப்பிக்கொண்டு விமானம் கிளம்பியது. முதுகுப்பைக்காரருக்கும் இது பாடம். கையேடு "ஒரு கேலன் தண்ணீர்" என்றால் அமெரிக்க கேலனா, பிரிட்டிஷ் கேலனா? முன்னது 3.8 லிட்டர், பின்னது 4.5. வித்தியாசம் முக்கால் லிட்டர். உச்சிவெயிலில் பாறைமேல் அது சின்ன அளவு இல்லை.

கரடியின் கணக்கு

கரடிக்கு வருவோம். 1957இல் வெளியான தன் நூலில் பெங்களூர்வாசியான வேட்டைக்காரர் கென்னத் ஆண்டர்சன் அரசிகெரெப் பக்கத்துக் கரடி ஒன்றின் கதையைச் சொன்னார். மனிதர்களைத் தாக்கிக் கொன்ற கரடி அது. அதன்பின் இந்தப் பக்கத்தில் கரடி என்றாலே ரத்தவெறி என்ற எண்ணம் வலுப்பட்டது. உயிரியல் சொல்வது வேறு. தேன்கரடியின் அன்றாடச் சாப்பாடு கறையானும் எறும்பும் பழங்களும் தேனும். மேல்வரிசையில் நடு முன்பற்கள் இரண்டு கிடையாது. அந்தச் சந்து வழியாகப் புற்றிலிருந்து கறையானை உறிஞ்சும். மண் ஏறாமல் மூக்குத் துளைகளை மூடிக்கொள்ளும். தலை புற்றுக்குள் இருக்கும், உறிஞ்சும் சத்தம் பலமாக இருக்கும், கண்பார்வையும் மந்தம். அதனால் நாம் அருகில் வருவது அதற்குத் தெரியாமலே போகலாம். தாக்குதல்களில் பெரும்பாலானவை இப்படித் திடீரென்று முகத்துக்கு முகம் சந்திப்பதால் வருபவை. மற்ற பல விலங்குகளைப் போல ஓடாமல், பயந்தால் பாயும் குணம் இதற்கு.

இதன் முன்னங்கால் நகம் சுமார் 3 அங்குலம். இதை 7.62 சென்டிமீட்டர் என்று எழுதினால் அது பொய்த் துல்லியம். "சுமார் 3" என்பதில் இரண்டேமுக்காலும் மூன்றேகாலும் அடக்கம், 7.62இல் உள்ள 62ஐ எந்தக் கரடியும் தரவில்லை, போன் தந்தது. ஏழெட்டு சென்டிமீட்டர் என்பதே நேர்மையான மொழிபெயர்ப்பு. எண் எந்த அளவுக்குத் தோராயமோ, மாற்றியபின்னும் அந்த அளவுக்கே தோராயமாக இருக்க வேண்டும்.

அமெரிக்காவின் எல்லோஸ்டோன் பூங்காவில் கரடிக்கும் ஓநாய்க்கும் 100 கஜம் தள்ளி நிற்க வேண்டும், மற்ற பெரும்பாலான விலங்குகளுக்கு 25 கஜம் என்பது விதி. கனடாவின் பூங்காக்கள் கரடிக்கு 100 மீட்டர் என்கின்றன. நூறு கஜம் 91.44 மீட்டர். அப்படியானால் எல்லை தாண்டினால் கரடி எட்டரை மீட்டர் கூடுதல் ஆபத்தாகிவிடுகிறதா? இல்லை. இரண்டு நாடுகளும் தத்தம் அளவையில் மறக்க முடியாத ஒரு முழு எண்ணைச் சொல்கின்றன, அவ்வளவுதான். எனவே கஜ விதியை மீட்டரில் எழுதுகிறவர் 91 என்றோ 90 என்றோ எழுதக் கூடாது. 100 என்று எழுத வேண்டும். ஆபத்திலிருந்து விலகும் தூரம் என்றால் மேலே முழுதாக்கு. சுமக்கக்கூடிய எடை என்றால் கீழே முழுதாக்கு. தண்ணீர் என்றால் மேலே, ஒரு நாளில் நடக்கும் தூரம் என்றால் கீழே. பள்ளிக்கூடத்தில் ஐந்துக்கு மேல் என்றால் கூட்டு என்று படித்த விதி இங்கே செல்லாது.

நூறு மீட்டர் ஏன் அதிகமில்லை என்பதற்கும் அலகு மாற்றமே பதில் சொல்லும். கரடி மணிக்கு 30 கிலோமீட்டர் வேகத்தில் ஓடுகிறது என்று வைத்துக்கொள்வோம். நகரத்துக்காரர் காதுக்கு இது மெதுவான ஸ்கூட்டர். இதை மீட்டருக்கும் நொடிக்கும் மாற்றுங்கள்: 30,000 மீட்டரை 3,600 நொடியால் வகுத்தால் நொடிக்கு 8.3 மீட்டர். இருபத்தைந்து மீட்டர் தள்ளி இருக்கும் கரடி உங்களிடம் வர மூன்று நொடி. நூறு மீட்டர் என்றால் பன்னிரண்டு நொடி. வேகம் மாறவில்லை, அலகுதான் மாறியது. ஆனால் முதல் எண்ணைக் கேட்டு ஓடலாம் என்று நினைத்தவர் இரண்டாவதைக் கேட்டு அந்த நினைப்பை விட்டுவிடுவார்.

தேன்கரடியை ஆபத்தில்லாமல் பார்க்க வேறு இடங்கள் உண்டு. பெங்களூரை அடுத்த பன்னேருகட்டாவில், கரடிகளை ஆடவைத்துப் பிழைத்தவர்களிடமிருந்து மீட்ட கரடிகளுக்கான மையம் இருக்கிறது. ஹம்பிக்கு அருகே தரோஜி கரடிகள் சரணாலயம் 1994இல் அமைந்தது. பின்னர் விரிவாக்கியதோடு சேர்த்து 8,272 ஹெக்டேர். நூறு ஹெக்டேர் ஒரு சதுர கிலோமீட்டர் என்பதால் ஏறக்குறைய 83 சதுர கிலோமீட்டர். மாலையில் பாறைகளில் வனத்துறையினர் பூசிவைக்கும் இனிப்பைத் தேடிக் கரடிகள் வரும். பார்ப்பவர்கள் தூரத்துக் கோபுரத்தில் இருப்பார்கள்.

எத்தனை மணிக்குத் திரும்புவது?

மாலை என்பதைக் கவனியுங்கள். வெயில் தாழ்ந்தபின்தான் தேன்கரடி பாறைக் குகைகளை விட்டு இரை தேடக் கிளம்பும், விடியும்வரை திரியும். ஆகவே மலையேற்றக்காரருக்கு முக்கியமான அளவு தூரமோ உயரமோ அல்ல, நேரம். தூரத்தையும் உயரத்தையும் நேரமாக்க ஒரு பழைய வழி உண்டு. 1892இல் ஸ்காட்லாந்து மலையேறி வில்லியம் நெய்ஸ்மித் சொன்னது: மூன்று மைலுக்கு ஒரு மணி நேரம், அதோடு ஒவ்வொரு 2,000 அடி ஏற்றத்துக்கும் இன்னொரு மணி நேரம். மெட்ரிக்கில் ஐந்து கிலோமீட்டருக்கு ஒரு மணி, 600 மீட்டர் ஏற்றத்துக்கு ஒரு மணி. குளிர்ந்த நாட்டில் நல்ல உடற்கட்டுள்ளவருக்கான கணக்கு அது. முதுகில் பை, தலைக்குமேல் தக்காண வெயில் என்றால் பாதியைக் கூட்டிக்கொள்வது விவேகம்.

ஒரு பாதையைக் கற்பனை செய்வோம். உச்சிக்கு 6 மைல், ஏற்றம் 3,000 அடி. தூரத்துக்கு இரண்டு மணி, ஏற்றத்துக்கு ஒன்றரை, ஆக மூன்றரை. பாதியைக் கூட்டினால் ஐந்தே கால் மணி. இறங்க இரண்டு மணி, பாதியைக் கூட்டி மூன்று. சாப்பாட்டுக்கும் ஓய்வுக்கும் ஒரு மணி. மொத்தம் ஒன்பதே கால் மணி நேரம்.

இப்போது அந்த 6க்குப் பக்கத்தில் அலகு அழிந்துபோய், ஒருவர் அதைக் கிலோமீட்டர் என்று படித்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். அவர் கணக்கில் எல்லாம் சேர்த்து ஏழு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். காலை ஒன்பதுக்குக் கிளம்பி, மாலை நான்குக்குள் அடிவாரத்தில் டீ குடிக்கலாம் என்று நினைப்பார். நிஜத்தில் அவர் கீழே வந்து சேர மாலை ஆறே கால் ஆகும். டிசம்பரில் பெங்களூர்ப் பக்கம் ஆறு மணி அளவில் சூரியன் மறைந்துவிடும். கடைசி ஒரு மணி நேரம் அவர் நடப்பது, பாறைகளுக்கு நடுவே, கரடி கிளம்பும் நேரத்தில்.

அதே பாதையை மைல் என்று சரியாகப் படித்தவர் காலை ஆறரைக்குக் கிளம்புவார், மாலை மூன்றே முக்காலுக்கு அடிவாரத்தில் இருப்பார். பதினொன்றே முக்காலுக்குள் உச்சி வராவிட்டால் இருந்த இடத்திலிருந்தே திரும்புவது என்று அந்த நேரத்தையும் தாளில் எழுதி வைத்திருப்பார். கூட்டமாகப் பேசிக்கொண்டே நடப்பார், புற்றும் புதரும் அடர்ந்த இடத்தில் குரலை இன்னும் உயர்த்துவார். வனத்துறையின் அனுமதியும் வழிகாட்டியும் உடனிருந்தால் அவருக்கு நூறு மீட்டர் விதியை ஒரு முறைகூடப் பயன்படுத்த வேண்டி வராமல் போகலாம்.